உள்கம்பி

மனு எழுதிப் போட்டது என் தங்கச்சிதான்னு எனக்குத் தெரியும் தம்பி. அதை நீங்க மடியில மறைச்சு வைக்க வேண்டாம். இந்த ஊர்ல எழுதத் தெரிஞ்சவங்க பதினாலு பேரு. அதுல இடது கையால எழுதுறவ அவ ஒருத்திதான். முன்னே வலது கைதான். போன வருஷத்துல இருந்து இடது.

நல்லா உட்காருங்க. முதுகு மட்டும் அந்தச் செம்புத் தகட்டுல படாமப் பார்த்துக்கங்க, சுடும். அந்த இரும்புப் பிடி கிட்டயும் போக வேண்டாம். இன்னிக்கு அதை இறக்க வேண்டிய நாள். விடியுறப்ப அளவு காட்டுற முள் ஏழுல இருந்துச்சு, இப்ப ஆறு. மதியம் திரும்புறதுக்குள்ள இறங்கிரும். அதுவரைக்கும் நீங்க கேக்கிறதுக்கெல்லாம் பதில் சொல்றேன். எனக்கு ஒளிக்க ஒண்ணும் இல்ல.

என் பேரு மலையரசி. இந்த நெடுமேட்டு ஊன்றிப் பொறியைப் பதினேழு வருஷமா நான்தான் பார்த்துக்கிறேன். பதினேழு வருஷத்துல ஒரு நாள் இந்தக் கூடத்தைப் பூட்டிட்டு வெளியூர் போனது இல்ல. போறதுக்கு வெளியூர்தான் எங்க இருக்கு, அது வேற.

நீங்க மூலப்பட்டணத்துக்காரர். அங்க ஊன்றி நாப்பதோ அம்பதோ இருக்காம், எது எங்க இருக்குன்னு சனங்களுக்கே தெரியாதாம். அதனால இளக்கம்னா உங்களுக்குப் படிச்சதுதான். வர்ற வழியில, முளை அடிச்சுக் கம்பி கட்டின அந்த முளைச்சாலைக்கு ரெண்டு பக்கமும் பார்த்திருப்பீங்க. தூரத்துல மலை மாதிரி தெரியும், நாலு எட்டு வச்சதும் மலையா இருக்காது. ஆத்துச் சத்தம் கேக்கும், ஆறு இருக்காது. அதான் இளக்கம். எதுவும் எதுவாவும் நிக்காது. மழைக்கு முந்தி நாப்பது நாள் அது ரொம்ப மோசமா இருக்கும்.

ஊன்றி என்ன பண்ணுதுன்னா, ஊரைச் சுத்திக் கட்டின கம்பிக்கு உள்ள இருக்கிறதை இருக்கிறபடியே பிடிச்சு வைக்குது. அவ்வளவுதான். சுவர் சுவரா இருக்கும். கிணறு கிணறா இருக்கும். ராத்திரி படுத்த ஆளு காலையில அதே ஆளா எழுந்திரிப்பான். இதோ நடுவுல இருக்கே வெள்ளைக் கல், அதுதான் உயிர். மத்த இரும்பு, செம்பு, உருளை எல்லாம் அதோட பலத்தைக் கம்பிக்குக் கொண்டுபோறதுக்கு.

அந்தக் கல்லு தேயுது. தேய்ஞ்ச கல்லால பெரிய வட்டத்தைப் பிடிக்க முடியாது. அதனால வருஷா வருஷம் உள்ளுக்குள்ள இன்னொரு வட்டத்துக்கு முளை அடிச்சுக் கம்பி கட்டி வச்சிருவோம். இளக்கக் காலத்துல ஒரு நாள் கல்லு தவிக்க ஆரம்பிக்கும், முள் மளமளன்னு கீழ வரும். ரெண்டைத் தொட்டதும் பிடியை இறக்கணும். இறக்கினா பலம் வெளிக்கம்பியை விட்டுட்டு உள்கம்பிக்கு மாறிரும். ரெண்டு கம்பிக்கும் நடுவுல இருக்கிறது போயிரும். இறக்காம விட்டா, முள் ஒண்ணுக்குக் கீழ போயி, ஊரே போயிரும்.

போயிரும்னா செத்துப்போறது இல்ல தம்பி. செத்தா எடுத்துப் போடலாம், அழலாம், பேர் சொல்லலாம். இது இருந்ததே இல்லைன்னு ஆகிப்போறது. மண்ணு, வீடு போனா நினைப்பு நிக்கும். உசுரு போனா உள்ள இருக்கிற நம்ம மனசுலயும் அது நிக்காது. ஒரு மூச்சு விடுற நேரந்தான். உங்க பட்டணத்துல எனக்குக் குடுத்த பாடப் புத்தகத்துலயே அப்படித்தான் போட்டிருக்கு. என்னைக் கேட்டா, அதுவும் ஒரு விதத்துல நல்லதுதான்.

புதுக் கல்லு வருது வருதுன்னு ஆறு வருஷமா சொல்றாங்க. வரும். மூலப்பட்டணத்துல பொய் சொல்ல மாட்டாங்க. நீங்க ஏன் கீழ பார்க்கிறீங்க?

சரி, கேட்டதுக்கு வர்றேன். எனக்கு முன்னாடி இங்க இருந்தவர் கருவேலன்னு ஒருத்தர். நல்ல மனுஷன். நான் அவர்கிட்டதான் முள் பார்க்கப் படிச்சேன். ஒரு வருஷம் இறக்குற அன்னிக்கு அவர் பிடியில கையை வச்சுக்கிட்டு நின்னார், நின்னார், நின்னுக்கிட்டே இருந்தார். நான் பக்கத்துலதான் இருந்தேன். "இன்னும் கொஞ்சம் மலையரசி, இன்னும் கொஞ்சம்"னார். முள் ஒண்ணுகிட்டப் போயிருச்சு. வடக்கால கம்பி படார்னு அறுந்துச்சு. அவர் இறக்குறதுக்குள்ள வடக்கு வயக்காடு பூரா போச்சு. மறுநாள் ஊருக்குள்ள பன்னெண்டு மாடு கட்டிக்கிடக்கு, யார் மாடுன்னு யாருக்கும் தெரியல. கறக்கப் போனா உதைக்குது. அந்தப் பன்னெண்டு மாட்டையும் பார்த்துட்டு கருவேலன் இதே வாசல்ல உட்கார்ந்துட்டார். அதுக்கப்புறம் அவர் எழுந்திரிச்சு ஒரு வேலை செஞ்சு நான் பார்க்கல.

அன்னிக்கு முடிவு பண்ணேன். நான் இந்தப் பிடியைப் பிடிச்சா நிக்க மாட்டேன். யாருக்காகவும் நிக்க மாட்டேன். ஒருத்தருக்கு நின்னா நூறு பேர் போவாங்க. இது சரியா தப்பா, நீங்களே சொல்லுங்க. சொல்ல வேண்டாம், எழுதிக்கங்க.

போன வருஷம் உள்வட்டம் அளந்தது நான்தான். நடுவுல ஊன்றி, சுத்திலும் ஒரே அளவு, அதுதான் முறை. மேற்கால மட்டும் கொஞ்சம் வெளிய வளைச்சு விட்டோம். தலைவர் செங்கோடன் சொல்லித்தான். அவரோட சுண்ணாம்புக் காளவாய் அங்க இருக்கு. ஊருக்குச் சுண்ணாம்பு வேணுமில்ல? நாலு வருஷமா அதுல நெருப்பு மூட்டலை, அது வேற விஷயம். மேற்கால வளைச்சா கிழக்கால அந்த அளவுக்கு உள்ள இழுக்கணும், பலம் ஒண்ணுதானே. அதனால கிழக்குத் தெரு வெளிய போச்சு. தெருதான் போச்சு. ஆளுங்களுக்கு மூணு நாள் தமுக்கு அடிச்சுச் சொன்னோம். எல்லாரும் சாமான் சட்டியோட உள்ள வந்துட்டாங்க.

என் தங்கச்சி சுனை கிழக்குத் தெருவுலதான் இருந்தா. எனக்கும் அவளுக்கும் எட்டு வயசு வித்தியாசம். அம்மா போனதுக்கப்புறம் நான்தான் சோறு ஊட்டினேன், நான்தான் கட்டிக் குடுத்தேன். மாப்பிள்ளை இளவேல் தச்சு வேலை செய்றவர், அதிர்ந்து பேச மாட்டார். அவங்களுக்குப் பிள்ளை இல்ல. இதை முதல்லயே எழுதிக்கங்க. அவங்களுக்குப் பிள்ளை இல்ல.

அன்னிக்கு இளவேல் காலையிலயே வண்டியோட உள்ள வந்துட்டார். கட்டில், பானை, உளிப்பெட்டி, எல்லாம் வந்துருச்சு. சுனையும் கூட வந்தாளாம். வந்தவ திரும்பிப் போயிருக்கா. எதுக்குத் திரும்பிப் போனான்னு இன்னிக்கு வரைக்கும் யாருக்கும் தெரியல. அவளுக்கே தெரியல. வீட்டுல ஒரு துடைப்பம்கூட மிச்சமில்லைன்னு இளவேல் சொல்றார். அப்புறம் எதுக்கு அந்தத் தெருவுல மேலயும் கீழயும் ஓடினா? வீடு வீடாப் போய் எட்டிப் பார்த்தாளாம். பார்த்தவங்க சொன்னாங்க.

அதோ, அந்த சன்னல்ல பார்த்தா கிழக்கு வழிமுளை தெரியும். ஆளு நுழையுறதுக்குன்னு ரெண்டு முளைக்கு நடுவுல விட்ட இடைவெளி. போன வருஷம் அது இன்னும் கொஞ்சம் தள்ளி இருந்துச்சு. முள் அஞ்சு, நாலுன்னு வந்துக்கிட்டிருக்கு. எல்லாரும் உள்ள வந்தாச்சு. அப்பதான் சுனை ஓடி வர்றா. தலை எல்லாம் அவிழ்ந்து, மூச்சு வாங்கிக்கிட்டு. வழிமுளைக்கு வந்துட்டா. ரெண்டு காலும் உள்ள. உடம்பு உள்ள. வலது கை மட்டும் பின்னால நீட்டியிருக்கு, எதையோ பிடிச்சு இழுக்கிற மாதிரி. என்னைப் பார்த்துட்டா. சன்னல்ல நான் நிக்கிறது அவளுக்குத் தெரியும்.

"அக்கா, பொறு. அக்கா, ஒரு எட்டு, ஒரே ஒரு எட்டு"ன்னு கத்துனா. இன்னொண்ணும் கத்துனா. ஒரு பேரு. அது என் காதுல நிக்கல. வாய் அசைஞ்சது ஞாபகம் இருக்கு, பேரு இல்ல. ஆட்டுக்குட்டியா இருக்கும். அவளுக்கு ஆடு, கோழின்னா உசுரு.

இறக்கிட்டேன்.

முள்ளா? மூணு. மூணுல இறக்கினேன். நான் மறைக்கலையே, அவகிட்டயே சொன்னேனே, அதைத்தானே அவ மனுவுல எழுதியிருக்கா. ரெண்டுலதான் இறக்கணும்னு சட்டம், எனக்குத் தெரியாதா? ஆனா மூணுக்கும் ரெண்டுக்கும் நடுவுல எவ்வளவு நேரம் இருக்கும்? ஒரு வெத்தலை மடிச்சு வாயில போடுற நேரம். சில வருஷம் அதைவிடக் கூட. அந்த நேரத்துல கம்பி அறுந்தா நீங்க வந்து கட்டுவீங்களா? முன்கூட்டியே இறக்கினதுக்கு ஒருத்தரைத் தண்டிச்சதா எந்தப் புத்தகத்துலயும் இல்ல. நான் பார்த்துட்டேன்.

இறக்கின உடனே கிழக்கால வெறும் வெள்ளையா ஆகிப்போச்சு. சுனை வழிமுளைக்கு உள்ள மண்ணுல உட்கார்ந்திருந்தா. நான் ஓடினேன். நான்தான் முதல்ல ஓடினேன், அதை அவ மனுவுல எழுதியிருக்க மாட்டா. கையைப் பார்த்தேன். கை இருக்கு. ஒரு கீறல் இல்ல. ஆனா விரல் அஞ்சும் மடங்கி அப்படியே நின்னுபோச்சு. இறுக்கி மூடலை. உள்ள ஒரு சின்ன இடம் விட்டு, இப்படி, என் கையைப் பாருங்க, இப்படி. எண்ணெய் போட்டு உருவினோம், வெந்நீர் ஒத்தடம் குடுத்தோம், பிரியலை. இன்னிக்கும் பிரியலை. வைத்தியர் வாதம்னுட்டார். நானும் வாதம்னுதான் சொல்றேன்.

இளவேல் வந்து, "என்ன சுனை, என்ன ஆச்சு?"ன்னு கேட்டார். அவ அவர் முகத்தையே பார்த்துக்கிட்டு இருந்தா. "என் கையில யாரு இருந்தா?"ன்னு கேட்டா. அவருக்கு என்ன தெரியும்? "யாரும் இல்லையே"ன்னார். அவ அழலை. கையை மடியில வச்சுக்கிட்டு, மத்த கையால அதைத் தடவிக்கிட்டே இருந்தா.

பத்து நாள் கழிச்சுத்தான் ஆரம்பிச்சா. எனக்குப் பிள்ளை இருந்துச்சுன்னா. பொண்ணுன்னா. எப்படித் தெரியும்னு கேட்டா, கை சொல்லுதுங்கிறா. கை உடம்போட இருந்தாலும் அந்த நேரத்துல கம்பிக்கு வெளிய இருந்துச்சாம், அதனால அதுக்கு மறக்கலையாம். ஆறு வயசு மணிக்கட்டு இதுங்கிறா. மருத்துவச்சியைக் கூட்டிக்கிட்டு வந்து வயித்தைக் காட்டினா. மருத்துவச்சி என்னைத் தனியாக் கூப்பிட்டு, "இது பெத்த வயிறு மலையரசி"ன்னா. எத்தனையோ பொம்பளைங்களுக்கு உடம்பு பெருத்து இளைச்சா அந்தக் கோடு விழும். நான் அதைத்தான் சொன்னேன். மருத்துவச்சி பையை எடுத்துக்கிட்டுப் போயிட்டா.

ஆள் பதிவேடு என்கிட்டதான் இருக்கு, அந்தா அலமாரியில. எடுத்துப் பாருங்க. இளவேல், அடுத்த வரி சுனை, அடுத்த வரி காலி, அதுக்கு அடுத்த வரி வேற வீடு. காலி வரி ஏன்னு கேக்காதீங்க. நான் வரி விட்டு எழுதுற ஆளு இல்ல, அன்னிக்கு என்னமோ கை தவறியிருக்கும். அந்த ஏட்டுல இன்னும் ஒம்பது இடத்துல அப்படி இருக்கு. எல்லாம் கை தவறினதுதான்.

நீங்க கேக்கிறது எனக்குப் புரியுது. மறந்துபோகும்னு நீங்களே சொல்றீங்க, அப்ப ஒரு பிள்ளை இருந்திருக்கலாமே, அப்படித்தானே? இருந்திருக்கலாம் தம்பி. உங்களுக்கு ஒரு அண்ணன் இருந்திருக்கலாம். எனக்கு ஒரு புருஷன் இருந்திருக்கலாம். எனக்கு ஏன் கல்யாணம் ஆகலைன்னு நானே யோசிச்சிருக்கேன், என் கால்விரல்ல மிஞ்சி போட்ட தழும்பு இருக்கு. அதை எல்லாம் தோண்டிக்கிட்டு இருந்தா வேலை நடக்குமா? இருக்கிறதைப் பிடிச்சு வைக்கத்தான் பொறி. இல்லாததுக்குக் கணக்குச் சொல்றதுக்கு இல்ல.

ஒரு விஷயம் சொல்றேன், எழுதிக்கிறதும் விடுறதும் உங்க இஷ்டம். என் தகரப்பெட்டியில ஒரு பாவாடை கிடந்துச்சு. மஞ்சள் துணி, கீழ பச்சைக்கரை. பாதிதான் தச்சிருக்கு, ஊசி குத்தினபடியே இருக்கு. தையல் என் தையல்தான், நான் ரெண்டு இழை போட்டுத் தைப்பேன். இத்தனூண்டு இடுப்பு. யாருக்குத் தச்சேன்னு எனக்குத் தெரியல. சுனைகிட்ட காட்டலை. காட்டினா அவ இன்னும் பைத்தியமாவா. நல்ல துணி, வீணாப் போகக்கூடாதுன்னு பொறி துடைக்க வச்சிருக்கேன்.

அதுக்கப்புறம் அவ தினம் இங்க வருவா. இந்த வாசல்ல நிப்பா. ஒரே கேள்விதான்.

"அக்கா, அவ பேரு உனக்கு ஞாபகம் இருக்கா?"

"யாரு பேரு?"

"நீதான் பேர் வச்சிருப்ப. நம்ம வீட்டுல எல்லாத்துக்கும் நீதான் பேர் வைப்ப."

"போய் வேலையைப் பாரு சுனை."

போயிருவா. மறுநாள் வருவா. ஒரு நாள் கேட்டா, "கம்பியை ஒரு நிமிஷம் தளர்த்தேன். நான் போய் எட்டிப் பார்த்துட்டு வந்துடறேன்"னு. இது என்ன ஆட்டுப்பட்டியா, தளர்த்தித் தளர்த்திக் கட்டறதுக்கு? நான் கத்திட்டேன். இத்தனை வருஷத்துல நான் அவளைப் பார்த்துக் கத்தினது அன்னிக்குத்தான். அவ பதிலுக்குக் கத்தலை. மெதுவாக் கேட்டா.

"அன்னிக்கு முள் எங்க நின்னுச்சு அக்கா?"

"மூணு"ன்னேன். பொய் சொல்லியிருக்கலாம். என் தங்கச்சிகிட்ட நான் பொய் சொன்னதில்ல.

அவ தலையை ஆட்டிக்கிட்டா. அதுக்கப்புறம் இந்த வாசலுக்கு வரவே இல்ல. நேர மனுதான்.

எனக்கு இருக்கிற வருத்தம் அதுதான் தம்பி. ஊரைக் காப்பாத்தினவளைப் பத்தி ஊர்ல யாரும் ஒரு நல்ல வார்த்தை சொல்லலை, போகட்டும். கூடப் பிறந்தவ, நான் ஊட்டி வளர்த்தவ, என் மேல மனு எழுதிப் போடுறா. இல்லாத ஒரு பிள்ளைக்காக.

இப்ப முள் எவ்வளவு? நாலரையா? இந்த வருஷம் சீக்கிரமே இறங்குது. நேத்து முளைச்சாலை பக்கம் வெள்ளை ஏறி வந்துச்சுன்னு சொன்னாங்க, நீங்க வந்ததுதான் கடைசி வண்டி. இனி நாப்பது நாள் நீங்க எங்க ஊர்க்காரர்தான்.

இன்னிக்கு விஷயத்துக்கு வர்றேன். போன வருஷம் உள்ள வந்ததுல இருந்து சுனை கிழக்கு ஓரத்துலதான் இருக்கா. ஊருக்குள்ள இடம் குடுத்தாங்க, வேண்டாம்னுட்டா. கம்பியை ஒட்டி இளவேல் ஒரு குடிசை போட்டுக் குடுத்தார். தினம் கம்பிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து வெள்ளையையே பார்த்துக்கிட்டு இருப்பா. இந்த வருஷம் வட்டம் இன்னும் குறுகுது. அந்தக் குடிசை வெளிய போகுது. தமுக்கு அடிச்சாச்சு, மூணு நாள் ஆச்சு. எல்லாரும் வந்துட்டாங்க. இளவேல் சாமானைக் கட்டிட்டார். அவ வரமாட்டேங்கிறா.

நீங்க வர்றதுக்கு முன்னாடி, காலையில, நான் போனேன். போகணும்னு ஒண்ணும் இல்ல, கிழக்கு முளை எல்லாம் உறுதியா இருக்கான்னு பார்க்கப் போனேன். அவ குடிசை வாசல்ல உட்கார்ந்திருந்தா. தலை சிக்குப் பிடிச்சுக் கிடந்துச்சு. ஒத்தைக் கையால சடை போட முடியாதில்ல. பின்னால உட்கார்ந்து வாரி விட்டேன். வேற ஒண்ணும் இல்ல, பார்க்கச் சகிக்கலை.

"வந்துரு சுனை. என் வீட்டுல மச்சு காலியாத்தான் கிடக்கு"ன்னேன்.

"அந்தப் பக்கம் போனா அவ இருப்பாளா அக்கா?"

"அந்தப் பக்கம்னு ஒண்ணு இல்ல. எத்தனை தடவை சொல்றது?"

"அப்ப என் கை யாரைப் பிடிச்சுக்கிட்டு இருக்கு?"

நான் சடையை இறுக்கி முடிச்சுப் போட்டேன். அவ திரும்பிப் பார்த்தா. கோவமாப் பார்த்தான்னு நினைக்காதீங்க. அவ முகம் சாந்தமா இருந்துச்சு.

"உனக்குத்தான் கஷ்டம்"னா. "நான் போனா நீ என்னையும் மறந்துருவ."

"மறந்தா கஷ்டம் எங்க இருந்து வரும்?"ன்னேன்.

அவ சடையை முன்னால எடுத்துப் போட்டுக்கிட்டா. நான் எழுந்து வந்துட்டேன். முளை எல்லாம் உறுதியாத்தான் இருக்கு.

அதனால நீங்க ரொம்ப மெனக்கெட வேண்டாம். மதியத்துக்கு அப்புறம் மனு போட்ட ஆளும் கிடையாது, மனுவும் கிடையாது. எனக்கும் இந்த வருத்தம் இருக்காது. யார் மேல வருத்தப்படுறது? நிம்மதியா இருப்பேன். நிம்மதியாத்தான் இருக்கணும். ஆனா ஒண்ணு தம்பி, சும்மா கேக்கிறேன். நீங்க அவ பேரை உங்க ஏட்டுல பெருசா எழுதி வச்சிருக்கீங்களா? சுனை. ரெண்டே எழுத்துதான். எழுதினாலும் போயிரும், எனக்குத் தெரியும். இருந்தாலும் எழுதுங்க. அழுத்தி எழுதுங்க.

நாலு.

உருளைச் சத்தம் மாறுது கேக்குதா? இப்படித்தான். இனிமே சடசடன்னு வரும். சன்னல்கிட்ட நின்னு பார்த்துச் சொல்லுங்க, இளவேல் வழிமுளை தாண்டிட்டாரா? ரெண்டு மூட்டையா? சரி. அவ? எழுந்திரிக்கலையா?

மூணு. இதோ, நீங்களே பாருங்க, மூணு.

நான் பிடியைப் பிடிச்சாச்சு. நீங்க ஒண்ணும் சொல்ல வேண்டாம், ரெண்டு வரைக்கும்னு சட்டம் எனக்குத் தெரியும். நான் நிக்க மாட்டேன். இருங்க, பிடியில பிசுக்கு இருக்கு. துடைச்சுட்டு இறக்கணும், இல்லைன்னா வழுக்கும். அந்த எண்ணெய்க் கிண்ணத்தை இப்படி எடுங்க. கீலுக்கு ரெண்டு சொட்டு விடணும். இது நிக்கிறது இல்ல தம்பி, இதுவும் வேலைதான்.

எழுந்துட்டாளா? எந்தப் பக்கம் பார்த்து நிக்கிறா?

இந்தப் பக்கமா? என்னைப் பார்த்தா? தெரியலைன்னா நல்லாப் பாருங்க. உங்களுக்குச் சின்ன வயசுக் கண்ணுதானே.

ரெண்டு. தெரியும். ரெண்டு. கம்பி முனகுது, எனக்கும் கேக்குது. கிழக்கு முளை ஒண்ணு காலையில கொஞ்சம் ஆடுச்சு, அதைச் சரியா இறுக்கினேனான்னு யோசிக்கிறேன். அதான். வேற எதுக்கும் இல்ல.

நடக்கிறாளா? வேகமாவா மெதுவாவா? வழிமுளைக்கு எத்தனை எட்டு இருக்கும்? ஏன் நின்னுட்டா? அங்க ஏன் நிக்கிறா? கதவைத் திறங்க தம்பி, நான் கூப்பிடறேன். சுனை. வாடி. நான் நிக்கிறேன்டி, வா. ஒரு எட்டு வை.

ஒண்ணரை.

என்ன பண்றா? கையை ஆட்டுறாளா? எந்தக் கையை?

திரும்பிட்டாளா.

தம்பி, நகருங்க. முள் ஒண்ணைத் தொடப் போகுது. நகருங்க.

அப்பாடா. இறங்கிருச்சு. இந்த வருஷம் பிடி ரொம்பக் கனம். கொஞ்சம் தண்ணி எடுங்க அந்தப் பானையில இருந்து. உங்களுக்கும் வேர்த்துக் கொட்டுது, குடிங்க.

ஊர் நிக்குது. நாலு பக்கமும் பார்த்தேன், கம்பி எங்கயும் அறுகலை. நீங்க நல்ல நேரத்துல வந்தீங்க தம்பி, மூலப்பட்டணத்துல போய்ச் சொல்லுங்க, நெடுமேட்டுல ஊன்றி எப்படி ஓடுதுன்னு. கல்லு மட்டும் சீக்கிரம் அனுப்பச் சொல்லுங்க. எதுக்கு வந்ததாச் சொன்னீங்க? பொறி பார்க்கத்தானே?

ஆனா இதென்ன கூத்து. முள் ஒண்ணுலயே நின்னுருக்கே. ஒண்ணுலயா இறக்கினேன்? நான் எப்பவும் மூணுல இறக்கிடுவேன் தம்பி, நிக்கிற ஆளு இல்ல நான், ஊர்ல யாரை வேணும்னாலும் கேளுங்க. கதவு வேற விரியத் திறந்து கிடக்கு. தொண்டை கட்டியிருக்கு, யாரையோ கத்திக் கூப்பிட்ட மாதிரி.

நீங்க இங்கயே இருந்தீங்களே. நான் யாருக்காக நின்னேன்?

உங்களுக்கும் தெரியலையா.